மாமா வெட்டிய சாமத்தியவீடு

என் மாமா மொஸ்கோவுக்கு எஞ்சினியருக்குப் படிக்கப் போய்க் கத்தரிக்கோலோடு வந்தவர் என்று அப்பா சொல்லுவார். வீட்டுக்கு யார் வந்தாலும், தேத்தண்ணி ஆறுவதற்குள் இதைச் சொல்லிவிடுவார். வந்தவர்கள் சிரிப்பார்கள். மாமாவும் கூடச் சேர்ந்து சிரிப்பார். அவரே சிரித்தபடியால் அதில் நோவு ஏதும் இல்லை என்று நாங்கள் எல்லோரும் வசதியாக எடுத்துக்கொண்டோம்.

மாமா அம்மாவின் ஒரே தம்பி. புலமைப்பரிசில் கிடைத்துப் பாலம் கட்டப் படிக்கப் போனவர், இரண்டாம் வருடத்தில் அதை விட்டுவிட்டு சினிமாப் பள்ளிக்கூடத்தில் படத்தொகுப்புப் படிக்கச் சேர்ந்துவிட்டார். ஊரில் இது தெரிய வந்தபோது வீட்டில் ஒருவரும் இரண்டு நாளாகச் சரியாகச் சாப்பிடவில்லை என்று அம்மா சொல்லியிருக்கிறாள். அதற்குப் பிறகு பத்து வருடத்துக்கு மேலாக மாமா ரஷ்ய மொழிப் படங்களை வெட்டி ஒட்டினார். முதலில் வயதான ஒரு பெண் தொகுப்பாளருக்கு உதவியாளராக இருந்தார். பிறகு தனியாகவே படங்கள் செய்தார். நாடு உடைந்தபோது ஸ்டூடியோவும் உடைந்தது. அவர் வேலை செய்த அறையில் சோபா விற்றார்களாம். மாமா ஏஜென்சிக்காரனைப் பிடித்துக் கனடா வந்து, ரொறன்ரோ வெக்ஸ்போர்ட்டில் எங்கள் வீட்டு பேஸ்மென்டில் இருந்துகொண்டு, பேக்கரி ஒன்றில் பாண் பொதி செய்கிற வேலைக்குப் போனார்.

அவர் தொகுத்த படங்கள் ஒன்றையும் நாங்கள் பார்த்ததில்லை. பார்க்க வேண்டும் என்று கேட்டதுமில்லை. "எல்லாம் பனியும் குதிரையுமாத்தான் இருக்கும்" என்பது அப்பாவின் தீர்ப்பு. படங்களின் முடிவில் மாமாவின் பெயர் வருமாம். ஆனால் எங்கள் நீளப் பெயர் அவர்களுக்கு வாயில் நுழையாததால் அதைப் பாதியாக்கி, கடைசியில் ரஷ்ய வால் ஒன்றையும் ஒட்டிவிட்டிருந்தார்கள். அந்தப் பெயரைக் காட்டி இது நான்தான் என்று சொன்னால் கனடாவில் எவன் நம்புவான்?

எனக்குப் பன்னிரண்டு வயதானபோது மாமாவுக்கு ஒரு வழி திறந்தது. பாதர்ஸ்ட் வீதிப் பக்கம் ரஷ்யர்கள் கூடுதலாக இருக்கிறார்கள். அங்கே ஒரு கடையில் உப்புமீன் வாங்கப் போனவர், ஒரு ரஷ்ய டைரக்டரைச் சந்தித்துவிட்டு வந்தார். அந்த மனிதர் ரொறன்ரோவிலேயே ரஷ்ய மொழியில் ஒரு முழுநீளப் படம் எடுத்து முடித்திருந்தார். அதைத் தொகுக்க ஆள் தேடிக்கொண்டிருந்தார். மாமா படித்த அதே பள்ளிக்கூடத்தில்தான் அவரும் படித்தவராம். ஆனாலும் தொழில் தொழில்தானே. நீ வெட்டிய ஏதாவது ஒன்றைக் கொண்டுவந்து காட்டு, பிறகு கதைப்போம் என்று சொல்லிவிட்டார். மாமாவிடம் காட்ட ஒன்றுமே இல்லை. எல்லாவற்றையும் மொஸ்கோவில் விட்டுவிட்டு வந்தவர்.

அந்தக் கோடையில்தான் என் சாமத்தியவீடும் வந்தது. கனடாவில் ஒரு பெண்பிள்ளை பெரியபிள்ளையாவது ஒரு நாள், அதைக் கொண்டாடுவது இன்னொரு நாள். நடுவில் விழா நடத்த ஹோல் கிடைக்க வேண்டும், லீவு வர வேண்டும், பாரிசிலிருந்தும் லண்டனிலிருந்தும் ஆட்கள் வந்து இறங்க வேண்டும். பக்கத்து மார்க்கம் நகரில் ஒரு பிள்ளை குதிரை வண்டியில் வந்து இறங்கியதால் எங்கள் வீட்டிலும் குதிரை பற்றி ஒரு கிழமை வாக்குவாதம் நடந்தது. கடைசியில் அம்மா வேண்டாம் என்றுவிட்டாள். எனக்குக் குதிரையில் விருப்பம் இருந்தது, யாரும் கேட்கவில்லை.

கமராக்காரர் இரண்டு பேரை அப்பா பிடித்தார். எடுத்ததை வெட்டி ஒட்டுகிற வேலை மாமாவுக்கு. அவராகவே வந்து கேட்டார். இவ்வளவு காலமும் எந்தக் கல்யாண வீட்டு வீடியோவையும் தொடமாட்டேன் என்று நின்ற மனிதர், "அத்தான், பிள்ளையின்ர சாமத்தியவீட்டை நான் செய்யிறன். அந்த டைரக்டருக்கும் அதையே காட்டலாம்" என்றார். அப்பாவுக்குப் புளுகம், முகமெல்லாம் சிரிப்பு. நாங்கள் எல்லோரும் ரஷ்யப் படத்தில் நடித்ததுபோல ஆகிவிட்டது.

கொண்டாட்டம் முடிந்த பிறகு, கோடையின் மிச்சம் முழுக்க மாமா பேஸ்மென்டில் ஒரு பழைய கொம்பியூட்டருக்கு முன்னால் இருந்தார். பேக்கரி முடிந்து வந்ததும் மா படிந்த சப்பாத்தோடு நேரே கீழே போய்விடுவார். சாப்பாட்டை அம்மா என்னிடம் கொடுத்து அனுப்புவாள். சாப்பாட்டுக் கோப்பையை வைத்துவிட்டு எட்டிப் பார்ப்பேன். ஒரே துண்டையே திருப்பித் திருப்பி ஓடவிட்டுக்கொண்டிருப்பார். முகத்தில் எப்போதும் இல்லாத ஒரு தெளிச்சி. வாய் ரஷ்ய மொழியில் எதையோ முணுமுணுத்துக்கொண்டிருக்கும். பாண் பொதி செய்கிற மாமாவை மட்டுமே தெரிந்த எனக்கு அது கொஞ்சம் பயமாக இருந்தது.

ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் எல்லோரையும் கூப்பிட்டுப் போட்டுக் காட்டினார். முன்வரிசைச் சோபாவில் அப்பாவின் தமையனும் மனைவியும், அதாவது பாரிஸ் பெரியப்பாவும் பெரியம்மாவும். அவர்கள் விமான ரிக்கற்றைப் பின்போட்டு இதற்காகவே நின்றவர்கள். அம்மா பற்றிஸ் பொரித்து வைத்திருந்தாள்.

படம் தொடங்கியது. பிள்ளையார் இல்லை. பூ விரியவில்லை. பாட்டு இல்லை. வெறும் ஹோல். ஒரு பொடியன் கதிரைகளை ஒவ்வொன்றாக இழுத்து வைத்துக்கொண்டிருந்தான். இழுக்கிற சத்தம் மட்டும்தான். அவன் வைத்துக்கொண்டே இருந்தான்.

"தம்பி, இது ரெஸ்ற் பண்ணிப் பாக்கிறதோ?" என்று அப்பா கேட்டார்.

"இல்லை அத்தான். பாருங்கோ."

பிறகு தட்டுத் தூக்கிக்கொண்டு போகிற பெண்களின் முதுகு வந்தது. மேசைக்குக் கீழே ஒளிந்திருந்து கேக்கில் கிள்ளித் தின்கிற இரண்டு சின்னப் பிள்ளைகள் வந்தார்கள். சாம்பார் வாளியோடு ஒருவர் போனார். அதற்குப் பிறகு நான் வந்தேன். மணவறைக் கதிரையில், தலையில் கிரீடம், கழுத்து மறைய நகை, கன்னத்தில் என் தோலை விட இரண்டு மடங்கு வெள்ளைப் பூச்சு. நான் யாரையும் பார்க்கவில்லை. ஹோலின் அந்தக் கோடியில் என் வயதுப் பிள்ளைகள் பலூன் ஒன்றைத் துரத்தி ஓடிக்கொண்டிருந்தார்கள். அவர்களைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். சேலைக்குக் கீழே என் ஒரு கால் செருப்பைக் கழற்றிவிட்டு ஆடிக்கொண்டிருந்தது. மாமா அந்த இடத்தில் படத்தை நகரவிடவே இல்லை. பலூன் போகும், பிள்ளைகள் போவார்கள், திரும்ப என் முகம் வரும். திரும்பவும் பலூன். திரும்பவும் நான். பிறகு அம்மாவின் முகம். தூணோரம் நின்று, வாயில் சேலைத் தலைப்பை வைத்தபடி, என்னைப் பார்த்துக்கொண்டு நிற்கிறாள். ஒரு கூட்டுகிற ஆள் பூவிதழ்களைக் கூட்டிக்கொண்டு போனார். படம் முடிந்துவிட்டது. அரை மணித்தியாலம்கூட இல்லை.

முதலில் வாய் திறந்தது பெரியம்மாதான். "நாங்கள் எங்கை?"

மாமா எழுந்து நின்று, பள்ளிக்கூடத்தில் பாடம் ஒப்பிக்கிற பிள்ளைபோல விளங்கப்படுத்தினார். மொஸ்கோவில் அவருக்கு வேலை பழக்கிய அந்த வயதான மனிசி சொல்லிக்கொடுத்த முதல் விதி அதுதானாம்: கமராவைப் பார்த்தவனைப் படத்தில் வைக்காதே. பார்த்தானென்றால் அவன் அந்த இடத்தில் இல்லை. கமராவுக்குப் பின்னால் உன்னோடு வந்து நிற்கிறான்.

"கமராவைப் பாக்காமல் வேறை எதைப் பாக்கிறது?" என்றார் பெரியப்பா. "பாரிசிலையிருந்து வந்தனாங்கள் தம்பி. கதிரை அடுக்கினவன் இருக்கிறான், நான் இல்லை. சரி, நீர் தாய்மாமன். பிள்ளைக்கு முதல் தண்ணி வாத்தது நீர்தானே. நீர் எங்கை?"

"நானும் ஒருக்காப் பாத்திட்டன் அண்ணை. அதாலை என்னையும் வெட்டிப்போட்டன்."

யாரோ பின்னால் சிரித்துவிட்டு அடக்கிக்கொண்டார்கள். ஆனால் விசயம் சிரிப்பில் முடிகிற விசயம் இல்லை. எங்கள் ஆட்களுக்கு இந்த வீடியோ என்பது பார்த்து மகிழ்கிற பொருள் மட்டும் அல்ல, சாட்சி. யார் வந்தார், யார் யாரோடு நின்றார், என்ன சேலை, யார் வரவில்லை என்பதெல்லாம் அதில் இருக்க வேண்டும். அதன் பிரதிகள் பாரிசுக்கும் லண்டனுக்கும் ஊருக்கும் போகும். அங்கே இருக்கிறவர்கள் நிறுத்தி நிறுத்தி ஆள் பார்ப்பார்கள். வந்து நின்று சிரித்தவரை வெட்டுவது, வாசலில் வைத்துக் கதவைச் சாத்துவதற்குச் சமன். வந்த முந்நூறு பேரில் முக்கால்வாசிப் பேரை மாமா அப்படிச் சாத்திவிட்டார். மொஸ்கோவில் இருந்த அத்தனை வருடத்தில் எங்கள் சனத்தை மறந்துபோய்விட்டார் என்றுதான் எல்லோரும் கதைத்தார்கள். மறந்துதான் போயிருந்தார் என்று எனக்கும் இப்போது படுகிறது.

பெரியப்பாவின் கோபத்தை அப்பா சமாளித்திருப்பார். அம்மாவின் கோபம் வேறு மாதிரி.

"ஏன்ரா நான் அழுத மாதிரி வைச்சிருக்கிறாய்? நான் அப்ப வடை எல்லாருக்கும் காணுமோ எண்டு சமையல்காரனைப் பாத்துக்கொண்டு நிண்டனான். பிள்ளையைப் பாக்கேல்லை. பொய்தானே இது?"

"ஓம் அக்கா, பொய்தான்" என்றார் மாமா. அதை அவர் ஒரு குறையாகச் சொல்லவில்லை. அதுதான் அம்மாவை இன்னும் எரித்தது.

ஆட்கள் போன பிறகு குசினியில் வைத்து அம்மா அவரைப் பிடித்தாள். நான் கோப்பைகளை அடுக்கிக்கொண்டு அங்கேதான் நின்றேன். மாமா சொன்னார், வீட்டுக்கு வேறொன்று செய்து தருகிறேன், எல்லோரையும் போட்டு, பாட்டுப் போட்டு, எவ்வளவு நீளமாகக் கேட்டாலும் செய்கிறேன். இதை அந்த டைரக்டருக்கு மட்டும் காட்டவிடு.

"என்ர பிள்ளையை அழுமூஞ்சியா ஊருக்குக் காட்டப்போறியோ? விருப்பமில்லாத பிள்ளையைப் பிடிச்சு இருத்தினதெண்டு சனம் சொல்லாதே?"

"அவர் எங்கடை சனமில்லை அக்கா. அவருக்கு நாங்கள் ஆரெண்டே தெரியாது. எனக்கு வேறை ஒண்டும் இல்லை, இதுதான்."

"உனக்கு இதுதான். எனக்கு அவள்தான். ஒருத்தருக்கும் காட்டமாட்டன் எண்டு சொல்லு."

மாமா என் கையிலிருந்த கோப்பையை வாங்கி அடுக்கில் வைத்தார். பிறகு "சரி அக்கா" என்றார்.

நான் முழுக்க முழுக்க அம்மாவின் பக்கம். அந்தப் படத்தில் நான் வடிவாகவே இல்லை. மூக்கடைத்துப்போன பிள்ளைபோல வாயைத் திறந்துகொண்டு இருந்தேன். அவ்வளவு நேரம் மேக்கப் போட்டு, மூன்று சேலை மாற்றி, ஆடி அசைந்து நடந்து வந்ததில் ஒன்றையும் வைக்காமல், நான் சும்மா இருந்த நேரத்தைத் தேடிப் பிடித்து வைத்திருக்கிறாரே இந்த மனிதர் என்று எனக்குக் கொதித்தது. என்னைப் பழிவாங்க அவருக்கு என்ன காரணம் இருக்க முடியும் என்றுகூட யோசித்தேன்.

இரண்டு கிழமையில் மாமா மற்றதைச் செய்து முடித்தார். மூன்று மணித்தியாலம் ஓடியது. பூக்கள் விரிந்தன. இதயங்கள் பறந்தன. என் முகம் ஒரு தாமரைக்குள்ளிருந்து எழும்பி வந்தது. பாரிஸ் பெரியப்பா ஐந்து இடத்தில் வந்தார், ஒரு இடத்தில் மெதுவான வேகத்தில். வந்த எல்லோரும் வரிசையாக வந்து நின்று சிரித்துவிட்டுப் போனார்கள். அம்மா அதைப் பார்த்து உண்மையாகவே அழுதாள். "இது வீடியோ" என்றார் அப்பா. பிரதிகள் நாடு நாடாகப் போயின. நானே அதை எத்தனை தரம் பார்த்திருப்பேன் என்று சொல்ல வெட்கமாக இருக்கிறது.

அந்த டைரக்டரைப் பார்க்கப் போன சனிக்கிழமை மாமா என்னையும் கூட்டிக்கொண்டு போக வேண்டி வந்தது. அம்மாவுக்கு வேலை, அப்பாவுக்கும் வேலை, தமிழ் வகுப்பு முடிந்து என்னை ஏற்ற வேறு ஆள் இல்லை. வகுப்பு வாசலில் மாமா சேர்ட்டை உள்ளே விட்டுக்கொண்டு, தலையைப் படிய வாரிக்கொண்டு நின்றார். மூன்று பஸ் மாறிப் போனோம். பஸ்ஸில் இடமில்லை. எனக்கு இருக்க ஒரு சீற் பிடித்துத் தந்துவிட்டு, தன் துணிப்பையை என் மடியில் வைத்தார். உள்ளே பார்த்தேன். இரண்டு டிஸ்க் இருந்தன. ஒன்றின் மேலே என் கிரீடப் படம் ஒட்டியிருந்தது. மற்றதில் ஒன்றும் எழுதியிருக்கவில்லை. அம்மாவுக்குச் சொன்ன சொல்லை மாமா மீறப்போகிறார் என்று நினைத்தேன். கேட்கவில்லை. பையை மட்டும் இறுக்கிப் பிடித்துக்கொண்டேன்.

டைரக்டரின் ஒஃபிஸ் ஒரு பல்வைத்தியருக்கு மேல்மாடியில் இருந்தது. மனிதர் மாமாவைக் கட்டிப்பிடித்துக் கன்னத்தில் மூன்று தரம் கொஞ்சினார். எனக்குச் சிரிப்பு வந்தது. பிறகு இரண்டு பேரும் ரஷ்ய மொழியில் தொடங்கினார்கள். மாமா அப்படிக் கதைத்து நான் கேட்டதே இல்லை. எங்கள் வீட்டில் அவருக்கு ஒரு குரல், வாடகைக்கு இருக்கிறவரின் குரல். இங்கே சத்தமாகக் கதைத்தார், மறுத்துக் கதைத்தார், மேசையில் தட்டினார், காற்றில் இரண்டு விரலால் எதையோ வெட்டிக் காட்டினார். டைரக்டர் தலையை ஆட்டி ஆட்டிக் கேட்டார். தன் படத்தில் ஒரு துண்டைப் போட்டுக் காட்டி என்ன செய்யலாம் என்று கேட்டார் போல, மாமா எழுந்து நின்றே பதில் சொன்னார். இவர் யார் இந்த மனிதர் என்று நான் பார்த்துக்கொண்டிருந்தேன்.

பிறகு டைரக்டர் கையை நீட்டினார். மாமா என் மடியிலிருந்த பையைத் திறந்து, கிரீடப் படம் ஒட்டிய டிஸ்க்கை எடுத்துக் கொடுத்தார். எனக்குப் போன உயிர் வந்தது.

தாமரை விரிந்தது. இதயங்கள் பறந்தன. டைரக்டர் மரியாதையான மனிதர். பத்து நிமிசமாவது பார்த்திருப்பார். ஆட்கள் வரிசையாக வந்து சிரிக்கத் தொடங்கிய இடத்தில் டைரக்டர் அதை நிறுத்தினார். எனக்கும் விளங்கட்டும் என்று நினைத்தாரோ என்னவோ, ஆங்கிலத்துக்கு மாறினார். நீ இளவரசி மாதிரி இருக்கிறாய் என்று முதலில் எனக்குச் சொன்னார். பிறகு மாமாவைப் பார்த்து, இது வீட்டு வீடியோ, நல்லது, ஆனால் நீ வெட்டியது ஏதாவது இருக்கிறதா என்று கேட்டார். கெஞ்சுகிற மாதிரித்தான் கேட்டார். அவருக்கும் மாமாவை எடுக்க விருப்பம் இருந்தது என்பது இப்போது எனக்குத் தெரிகிறது.

மாமா என் பக்கம் திரும்பினார். நான் பையை நெஞ்சோடு கட்டிப்பிடித்துக்கொண்டு இருந்தேன். அவர் பையைப் பார்க்கவில்லை. என் முகத்தைப் பார்த்தார், தேவைக்கு மேலே கொஞ்ச நேரம். பசிக்கிறதா என்று கேட்கிறாராக்கும் என்று நினைத்து, இல்லை என்பதுபோல நான் சிரித்தேன்.

"இல்லை, வேறொன்றும் இல்லை" என்று அவர் ஆங்கிலத்தில் சொன்னார்.

அந்த அரை மணித்தியாலப் படத்தில் இருந்தது என்ன என்று விளங்க எனக்கு இன்னொரு இருபது வருடம் தேவைப்பட்டது. என் மகள் பள்ளிக்கூட மைதானத்தில் தலைவிரி கோலமாக ஓடுவதைப் பார்த்துக்கொண்டு நின்ற ஒரு பின்னேரம் அது விளங்கியது. அந்தச் சாமத்தியவீட்டில் முந்நூறு பேர் என்னைப் பார்த்தார்கள், படம் பிடித்தார்கள், வடிவு என்றார்கள். இனி நான் அப்படி ஓடப்போவதில்லை என்பதை ஒரு ஆள்தான் கண்டார். அன்று அம்மா வடையைத்தான் பார்த்தாளோ என்னைத்தான் பார்த்தாளோ, அதைக் கேட்கிற துணிவு எனக்கு இன்றைக்கும் இல்லை. மாமாவிடம் டிஸ்க்கைக் கேட்டேன். வீடு மாறியபோது எங்கேயோ போய்விட்டதாம். அவர் பெரிதாகத் தேடியதாகவும் தெரியவில்லை.

ஆனால் அன்றைக்கு எனக்கு ஒரே சந்தோசம். வீட்டுக்கு வந்ததும் சப்பாத்தைக் கழற்றமுன் அம்மாவிடம் ஓடிப்போய், மாமா மற்றதைக் காட்டவில்லை, நல்லதைத்தான் காட்டினவர் என்று சொன்னேன். அம்மாவின் முகம் மலர்ந்துபோனது. தன் தம்பி சொன்ன சொல்லைக் காப்பாற்றிவிட்டான். சோறு போடும்போது மீனில் பெரிய துண்டை அவருக்கு வைத்தாள். அப்பாவும் அன்று கத்தரிக்கோல் கதையைச் சொல்லவில்லை. எல்லோரும் நல்ல மாதிரி இருந்தோம். மாமா குனிந்தபடி முள்ளை ஒவ்வொன்றாக எடுத்து வைத்துவிட்டுச் சாப்பிட்டார்.

ஒரு மனிதர் தன் தொழிலை விட்டுவிட்டு வந்து எங்களோடு இருந்து சாப்பிடுகிறார் என்று எனக்கு எப்படித் தெரியும்? அடுத்த நாள் காலையும் அவர் அதே கொம்பியூட்டருக்கு முன்னால்தானே இருந்தார். என் வீடியோவைப் பார்த்துவிட்டு யாரோ தங்கள் மகளின் கல்யாணத்தைக் கொண்டுவந்து கொடுத்திருந்தார்கள்.